தேனீயின் பங்கு

திருமறையின் பதினாறாம் அத்தியாயத்திற்கு ‘அந்நஹ்ல்’ என்பது பெயர். தேனீ என்பது அதன் பொருள். 128 வசனங்கள் கொண்ட அவ்வத்தியாயத்தில் தேனீயைப் பற்றி வருவன 68, 69 ஆகிய இரண்டு வசனங்களே. மலைகளிலும் மரங்களிலும் மனிதர் அமைப்பனவற்றிலும் அச்சிற்றுயிர் வீடு சமைத்துக்கொள்ளும் செய்தியும், அதன் வயிற்றினின்று வெளிப்படும் பல நிறப் பானத்தில் மனிதருக்கு நிவாரணம் உண்டென்னும் செய்தியும் அங்கே உள. அவ்விரு வசனங்களை மேடையில் விரித்துரைக்காத ஆலிமும் இல்லை. கேட்டு மகிழாத ஜமாஅத்தும் இல்லை. ஆயினும் ஒரு கேள்வி பெரும்பாலும் கேட்கப்படாமலே போகிறது. அப்பானத்தை மனிதர் எவ்வாறு எடுத்தனர்? எடுத்த பின்னர் அந்தத் தேனீ என்னவாயிற்று?

இக்கேள்வியின் பின்னே நெடியதொரு வரலாறு நிற்கிறது. அதில் மிஸ்ரு நாட்டு மன்னர்கள் வருகின்றனர். கண் பார்வையற்ற ஓர் ஆராய்ச்சியாளர் வருகிறார். கிறித்தவப் பாதிரிமார் வருகின்றனர். நம் ஃபிக்ஹுக் கலை இமாம்களும் வருகின்றனர். இறுதியில் நாம் செய்த பிழை ஒன்றும் வருகிறது. அதை மறைத்துவிட்டு இவ்வரலாற்றை எழுதுதல் நேர்மையாகாது.

மலையும் மால்பும்

ஸ்பெயின் நாட்டின் வலென்சியாப் பகுதியில், பிகோர்ப் என்னும் ஊருக்கு அருகே உள்ள குகையொன்றில், பாறையின்மீது தீட்டிய பழஞ்சித்திரம் ஒன்று உண்டு. கயிறு போன்றதொன்றில் தொற்றியேறிய மனித உருவம் பாறைப் பொந்துக்குள் ஒரு கையை விட்டிருக்கிறது. மறு கையில் ஒரு பாத்திரம். சுற்றிலும் தேனீக்கள் பறக்கின்றன. ஏறத்தாழ 8000 ஆண்டுகட்கு முற்பட்டதாக அறிஞர் அதனைக் கணிப்பர். தேனெடுத்தலுக்கு நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய சாட்சியங்களுள் அது ஒன்று.

நம் தமிழகத்துக் குறிஞ்சி நிலத்தாரும் அவ்வாறே ஏறினர். தேனெடுக்க மலைமுகட்டில் அவர் சார்த்திய மூங்கில் ஏணிக்கு ‘மால்பு’ என்று தனிப்பெயரே இருந்தது. பாரியின் பறம்பு மலை உழவர் உழாமல் தரும் நான்கு விளைபொருள்களைக் கபிலர் எண்ணுமிடத்துத் தேனும் ஒன்றாக வைக்கப்படுகிறது. உழாமல் கிடைத்ததுதான், உயிரைப் பணயம் வைக்காமல் கிடைத்ததன்று.

அந்நாளைய மனிதன் எடுக்க அறிவானேயன்றி வளர்க்க அறியான். பந்தத்தைக் காட்டி ஈக்களை எரித்தோ விரட்டியோ அடை முழுவதையும் அறுத்தான். தேனோடு முட்டையும் புழுவும் சேர்ந்து வந்தன. அடுத்த ஆண்டு வேறு பாறையைத் தேடிப் போனான். மலை பெரிது, மனிதர் சிலர் என்றிருந்த காலம்வரை அது நடந்தது.

பின்வாசல் கண்ட நுட்பம்

தேனீயைத் தன் வீட்டருகே கொணர்ந்து வளர்த்தமைக்கு மிகப் பழைய சான்று மிஸ்ரு நாட்டில் இருக்கிறது. அபூ குராப் என்னுமிடத்தில் நியூஸெர்ரே மன்னன் எழுப்பிய சூரியக் கோயிலில், கி.மு. 2400 அளவில் செதுக்கிய சிற்பத்தில், தேனெடுப்பதும் தேனைக் கலங்களில் நிரப்புவதும் முறையாகக் காட்டப்பட்டுள்ளன. அதற்கு ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு பிற்பட்ட ரெக்மிரே என்னும் அமைச்சரின் கல்லறை ஓவியத்தில், ஒருவன் புகைக்கலத்தை ஏந்தி நிற்க மற்றொருவன் கூட்டினின்று அடைகளை எடுக்கிறான். இன்று நாம் கையாளும் புகையூதிக்கு அக்கலமே மூதாதை எனலாம்.

அவர்களுடைய கூடு எத்தகையது? மண்ணால் செய்த நீண்ட குழாய். கிடையாகப் படுக்க வைத்து, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினர். இவ்வமைப்பின் நுட்பத்தை விளக்கியது வேறொரு நாட்டுப் புதைபொருள். யோர்தான் பள்ளத்தாக்கில் பைசான் நகருக்கு அருகே தெல் ரெஹோவ் என்னும் மேட்டில் 2007ஆம் ஆண்டு நடந்த அகழ்வில், கி.மு. பத்தாம், ஒன்பதாம் நூற்றாண்டுகளைச் சேர்ந்த தேனீப் பண்ணையே வெளிப்பட்டது. சுடாத மண்ணும் வைக்கோலும் கலந்து செய்த குழாய்கள் வரிசை வரிசையாக இருந்தன. ஒரு முனையில் தேனீ நுழையச் சிறு துளை. மறு முனையில் வளர்ப்போன் திறக்க ஒரு மூடி.

அந்த மூடிதான் வரலாற்றைத் திருப்பியது. தேனீயின் இயல்பு என்னவென்றால், தன் குஞ்சுகளை வாசலுக்கு அண்மையில் வளர்க்கும். தேனை வாசலுக்குத் தொலைவில், உட்பக்கத்தில் சேமிக்கும். ஆகவே பின்மூடியைத் திறந்து சிறிது புகை செலுத்தினால் ஈக்கள் வாசற்பக்கம் ஒதுங்கும். பின்பக்கத்து அடைகளை மட்டும் அறுத்துக்கொண்டு மூடிவிடலாம். குஞ்சு பிழைக்கும், தாய் பிழைக்கும், குடி பிழைக்கும். கொல்லாமல் எடுத்தல் என்னும் கலை இவ்வாறு மண்குழாயின் பின்வாசலில் தோன்றியது.

அரபு உலகம் இக்கலையைப் போற்றிக் காத்தது. பஸராவின் ஜாஹிள் தம் விலங்கியல் பெருநூலில் தேனீயைப் பேசினார். பன்னிரண்டாம் நூற்றாண்டு ஸெவில் நகரத்து இப்னுல் அவ்வாம் தமது ‘கிதாபுல் ஃபிலாஹா’ என்னும் வேளாண்மை நூலில் தேனீ வளர்ப்புக்கும் இடம் தந்தார். ஹிஜ்ரி 808இல் (கி.பி. 1405) மறைந்த தமீரீ ‘ஹயாத்துல் ஹயவான்’ நூலில் தேனீயைப் பற்றிய மொழிச் செய்தியையும் மார்க்கச் செய்தியையும் தொகுத்தார். கெய்ரோவின் வரலாற்றாசிரியர் மக்ரீஸீ (1364–1442) தேனீக்கென்றே தனிச் சிறுநூல் இயற்றினார்.

கந்தகப் புகை

வட ஐரோப்பாவில் கதை வேறாயிற்று. அங்கே கூடு என்பது வைக்கோலைப் பின்னிக் கவிழ்த்த கூடை. அதற்குப் பின்வாசல் இல்லை. அடைகள் கூடையின் உட்சுவரோடு ஒட்டியிருந்தமையால் உள்ளே நடப்பது எதுவும் தெரியாது. தேன் வேண்டுமாயின் இலையுதிர் காலத்தில் மிகக் கனமான கூடைகளையும், குளிரைத் தாண்டாதென்று தோன்றும் மிக இலேசான கூடைகளையும் தெரிந்தெடுப்பர். தரையில் குழி தோண்டி, கந்தகத்தைக் கொளுத்தி, அதன்மேல் கூடையை வைப்பர். சிறிது நேரத்தில் அக்குடி முழுவதும் மடிந்துவிடும். நடுத்தரமானவை மட்டும் அடுத்த ஆண்டுக்கு விதையாக நிற்கும். நன்றாக உழைத்த குடிக்கு உழைப்பின் கூலி மரணம்! பல நூற்றாண்டுகள் இவ்வாறே நடந்தது.

இங்கே நம் நினைவுக்கு வருவது, எறும்பு, தேனீ, ஹுத்ஹுத் என்னும் கொண்டலாத்தி, ஸுரத் என்னும் பறவை ஆகிய நான்கையும் கொல்லலாகாதெனப் பெருமானார் (ஸல்) அவர்கள் தடுத்ததாக இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் வாயிலாக அபூதாவூதில் வரும் ஹதீஸ். தேனீ அந்நால்வருள் ஒன்று.

அறியாமை எல்லா நாட்டாருக்கும் பொதுவாக இருந்த இடமும் ஒன்று உண்டு. கூட்டின் தலைமை ஈயை ஆண் என்றே பெரும்பாலோர் எண்ணினர். யவன ஞானி அரிஸ்டாட்டில் அதனை அரசன் என்றார். அரபிகள் ‘யஃஸூப்’ என்னும் ஆண்பாற் பெயரால் அழைத்தனர். இங்கிலாந்தின் சார்லஸ் பட்லர் 1609இல் அதனை அரசி என்று நூல் எழுதினார். பதினேழாம் நூற்றாண்டில் டச்சு நாட்டு ஸ்வாமர்டாம் அதை அறுத்துப் பார்த்துச் சினைப்பையைக் கண்டார். திருமறை தேனீயைப் பெண்பால் ஏவலில் விளிப்பதைக் கொண்டு நம்மவர் சிலர் விஞ்ஞான வாதம் எழுப்புவர். ‘நஹ்ல்’ என்னும் சொல் அரபியில் பெண்பாலாகவும் வழங்குவது இலக்கணம் அறிந்தார்க்குத் தெரியும். இலக்கணம் தாங்கக் கூடிய அளவுக்கு மேல் அதன்மீது பாரம் ஏற்றுதல் வேண்டா என்பதே நம் கருத்து. அவ்வசனங்கள் சிந்திப்போர்க்கு அத்தாட்சி என்று முடிகின்றன. சிந்திக்க வேண்டிய இடம் வேறு.

ஃபிக்ஹு நூல்களில் ஒரு வரி

அந்த இடத்தை நம் இமாம்கள் கண்டனர். ஃபிக்ஹு நூல்களில் ‘நஃபகாத்’ என்னும் பராமரிப்புப் பாடம் உண்டு. மனைவிக்கும் மக்களுக்கும் பெற்றோருக்கும் ஒருவன் செய்ய வேண்டிய செலவுகளைச் சொல்லி, இறுதியில் அவனுடைய கால்நடைகளுக்கு வந்து பாடம் முடியும். இமாம் ராஃபிஈ (ரஹ்) அவர்களின் பெருநூலைச் சுருக்கி இமாம் நவவீ (ரஹ்) அவர்கள் (ஹிஜ்ரி 631–676, கி.பி. 1233–1277) இயற்றிய ‘ரவ்ழத்துத் தாலிபீன்’ நூலில் அவ்விறுதிப் பகுதி படிக்கப் படிக்க இனிப்பது. கன்றுக்குத் தீங்காகும் அளவு பால் கறத்தலாகாது. பால் கறப்பவன் மடி நோகாதிருக்கத் தன் நகங்களைக் களைதல் நன்று. பட்டுப்புழு வளர்ப்பவன் அதற்குரிய முசுக்கொட்டை இலையைக் குறைவின்றித் தரல் வேண்டும் என்றெல்லாம் கூறி வருங்கால் தேனீயும் வருகிறது.

தேனெடுப்பவன் கூட்டில் ஈக்களுக்கென்று சிறிது தேன் விட்டுவைத்தல் வேண்டும். ஈக்கள் வெளியே செல்லவியலாத குளிர்காலத்தில் எடுப்பானாயின் மிகுதியாக விடுதல் வேண்டும். தேனுக்கு ஈடாக வேறு உணவு தரப்படுமாயின் தேனையே விட வேண்டும் என்பதில்லை. இதுவே அதன் கருத்து. பொரித்த கோழியொன்றைக் கூட்டு வாசலில் தொங்கவிடலாம் எனச் சிலர் கூறியதாகவும் ஷாஃபிஈ நூல்களில் காணப்படுகிறது. தேனீ இறைச்சி உண்ணாது என்பதைக் கூடு வைத்திருந்தவர் அறிவர். ஆயினும் அக்கூற்றைப் பார்த்து நகைக்க நமக்குத் தோன்றவில்லை. பசித்த ஈக்கு எதையேனும் கொடுக்க வேண்டுமே என்னும் கவலை அதில் தெரிகிறது.

இன்னொரு பங்கும் ஆராயப்பட்டது. உஷ்ரு நிலத்தில் கிடைக்கும் தேனில் பத்திலொன்று ஏழைக்குரியது என்பது ஹனஃபீ மத்ஹபின் முடிவு. இமாம் ஷாஃபிஈ (ரஹ்) அவர்களின் பிந்திய கூற்றில் தேனுக்கு ஜகாத் இல்லை. கலீஃபா உமர் இப்னு அப்துல் அஸீஸ் (ரஹ்) அவர்கள் தேனில் எதனையும் கடமையாகக் கருதவில்லை என்பதை இமாம் புகாரீ (ரஹ்) அவர்கள் குறித்துள்ளார்கள். ஏழையின் பங்கில் இவ்வாறு கருத்து வேற்றுமை உண்டு. அதனைப் பேசும் நம் நாவுகள் ஈயின் பங்கை ஏனோ பேசுவதில்லை.

விரற்கடை இடைவெளி

கந்தகப் புகையினின்று ஐரோப்பியத் தேனீயை மீட்டவர்களுள் முதலில் நினைக்கத் தக்கவர் ஜெனீவாவின் பிரான்சுவா ஹூபர் (1750–1831). அவர் கண்பார்வை இழந்தவர். பர்னென்ஸ் என்னும் பணியாளரின் கண்களைத் தம் கண்களாகக் கொண்டு ஆராய்ந்தார். ஏட்டுப் புத்தகத்தைப் புரட்டுவதுபோல் அடை அடையாகத் திறந்து பார்க்கும் கூடொன்றை அமைத்து, 1792இல் தம் ஆய்வுகளை வெளியிட்டார்.

1851ஆம் ஆண்டு அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் லாரன்ஸோ லாங்ஸ்ட்ராத் என்னும் பாதிரியார் ஓர் இரகசியத்தைக் கண்டார். அவர் ஆசிரியத் தொழிலும் செய்தவர். கூட்டினுள் ஏறத்தாழ அரை விரற்கடை, அதாவது 9 மில்லிமீட்டர் அளவு வெற்றிடம் விட்டால், தேனீ அதனைத் தான் நடக்கும் வழியாகவே வைத்துக்கொள்ளும். அதினும் குறுகினால் பிசின் கொண்டு அடைக்கும். அகன்றால் அடை கட்டிவிடும். இவ்வளவை அறிந்து மரச்சட்டங்களைத் தொங்கவிட்டால் சட்டம் பெட்டியோடு ஒட்டாது. வேண்டியதை எடுத்து, பார்த்து, திரும்ப வைக்கலாம். 1852இல் அதற்கு உரிமை பெற்றார். 1857இல் மெஹ்ரிங் மெழுகுத் தகடு அச்சிடும் முறையைக் கண்டார். 1865இல் ஹ்ருஷ்கா என்பவர் அடையைச் சுழற்றித் தேனை மட்டும் வெளியேற்றும் கருவியை அமைத்தார். இக்கருவியால் அடை உடையாமல் மீண்டும் ஈயிடமே சேர்ந்தது. மெழுகு சுரக்கத் தேனீ பல மடங்கு தேனைச் செலவிட வேண்டும். அந்தச் செலவும் மிச்சமாயிற்று. 1870களில் குவின்பி துருத்தி வைத்த புகையூதியைச் செய்தார். இருபதே ஆண்டுகளில் பல்லாயிரம் ஆண்டுக் கொலை தேவையற்றதாயிற்று.

திருச்சியும் மார்த்தாண்டமும்

அமெரிக்கப் பெட்டி நம் நாட்டு அடுக்குத் தேனீக்குப் பெரிது. நம் ஈ உருவிலும் சிறியது, குடியும் சிறியது. திருச்சிராப்பள்ளியில் இருந்த சேசு சபைப் பாதிரியார் நியூட்டன் என்பார், நம் ஈயின் அளவுக்கு ஏற்ற சிறு பெட்டியை வகுத்து, 1911 முதல் 1917 வரை பலருக்குப் பயிற்சியளித்தார். இன்றும் அதற்கு நியூட்டன் பெட்டி என்றே பெயர். அன்று திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்த மார்த்தாண்டத்தில், 1920களில் ஒய்.எம்.சி.ஏ.வைச் சேர்ந்த ஸ்பென்சர் ஹாட்ச் கிராம முன்னேற்றப் பணியின் ஒரு பகுதியாகத் தேனீ வளர்ப்பைப் பரப்பினார். ரப்பர் தோட்டங்கள் பெருகியபோது தேனும் பெருகியது. ரப்பர் மரத்தின் பூவைக் காட்டிலும் அதன் இளந்தளிர்க் காம்பில் சுரக்கும் இனிய நீரே ஈக்கு விருந்து. இலையுதிர்ந்து புதுத்தளிர் விடும் ஜனவரி முதல் மார்ச் வரை பெட்டிகள் தோட்டந்தோறும் பயணம் போகும்.

1991–92இல் பேரிடி விழுந்தது. தாய்ச் சாக்புரூட் என்னும் நச்சுயிரி நோய் தென்னாட்டுத் தேனீக் குடிகளில் பெரும்பாலானவற்றை அழித்தது. புழுக்கள் தோற்பைபோல் நீர்கோத்து மடிந்தன. எஞ்சிய வலுவான குடிகளைப் பிரித்துப் பெருக்கித்தான் தொழில் மீண்டது. 2023ஆம் ஆண்டு மார்த்தாண்டம் தேனுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது அம்மீட்சியின் பயன்.

நம் கொல்லையில் நடந்தது

தக்கலைக்கு அருகே நம் வீட்டுக் கொல்லையில் வாப்பா அவர்கள் முதலில் மண்பானையிலும் பின்னர்ப் பெட்டியிலும் தேனீ வளர்த்தார்கள். பானையிலிருந்து எடுத்த நாட்களில் அடையைத் துணியிலிட்டுப் பிழிவதைச் சிறுவயதில் கண்டுள்ளோம். தேனோடு வெண்மையாக ஏதோ கலந்து வழியும். “அது என்ன வாப்பா?” என்று கேட்டதற்கு, “ஈக்குஞ்சு மக்களே” என்று சொல்லி முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். பெட்டி வந்தபின் அவர்கள் பானையைத் தொடவே இல்லை. 1992இல் அவர்களுடைய பன்னிரண்டு பெட்டிகளில் ஒன்றே மிஞ்சியது.

வாப்பா அவர்கள் மறைந்தபின் மூன்று பெட்டிகள் நம் பொறுப்பில் இருந்தன. 2006ஆம் ஆண்டு மே மாத இறுதி. மழைக்கு முன் வீட்டுக் கூரையை மாற்ற வேண்டியிருந்தது, பணம் குறைந்தது. தேனுக்கு நல்ல விலை தருவதாக ஒருவர் கூறினார். மேலறைத் தேனை எடுத்தோம். அது போதவில்லை. குஞ்சுகள் வளரும் கீழறையின் ஓரங்களில் ஈக்கள் தமக்கென்று வைத்திருந்ததையும் அறுத்தெடுத்தோம். ஜூன் பிறந்தது, மழை பிடித்தது. பூ இல்லை, ஈ வெளியே செல்ல வழியுமில்லை. சீனிப்பாகு வைக்க வேண்டும் என்பதை அறிந்தும் மத்ரஸா வேலையில் மறந்தோம். பத்து நாள் கழித்துத் திறந்தபோது ஒரு பெட்டி வெறுமையாக இருந்தது. மற்ற இரண்டிலும் ஈக்கள் வெற்றறைகளுக்குள் தலையை நுழைத்தபடியே செத்துக் கிடந்தன. கடைசித் துளியைத் தேடி நுழைந்த தலைகள் அவை.

ரவ்ழாவின் அந்த வரியை நாம் அறியாதிருந்தோமா? இல்லை. ஓதியிருந்தோம். அதற்கு முந்திய ஆண்டு மீலாது மேடையொன்றில், இஸ்லாத்தின் கருணைக்குச் சான்றாக அவ்வரியை எடுத்துரைத்து மக்களின் பாராட்டையும் பெற்றிருந்தோம். மேடையில் சொன்ன வரி கொல்லைவரை வரவில்லை. கூரை புதிதாயிற்று, மழை ஒழுகவில்லை, ஆனால் அம்மழைக்காலம் முழுவதும் நமக்கு உறக்கம் சரியாக வரவில்லை.

மறு ஆண்டு மார்த்தாண்டம் பக்கத்து முதியவர் ஒருவரிடம் புதிய குடி ஒன்று வாங்கினோம். நடந்ததைச் சொன்னோம். அவர் குறைகூறவில்லை. “சாரே, ஈயப் பாத்து எடுக்கணும், பாத்திரத்தப் பாத்து எடுக்கப்பிடாது” என்று மட்டும் சொன்னார். அவர் கற்பித்த முறையை வீட்டில் பெட்டி வைத்திருக்கும் அன்பர்களுக்காக இங்கே தருகிறோம்.

வெயில் தெளிந்த முற்பகலில், ஈக்களுள் பெரும்பகுதி வெளியே சென்றிருக்கும் நேரத்தில் பெட்டியைத் திறத்தல் வேண்டும். மழை மூட்டத்திலும் அந்தி நேரத்திலும் திறத்தலாகாது. வெளிர்நிற ஆடை, முகவலை இரண்டும் வேண்டும். அத்தர் பூசிக்கொண்டு செல்லலாகாது. ஒரு வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து அப்படியே சென்று ஏழு கொட்டு வாங்கியதால் இதனை உறுதியாகச் சொல்கிறோம். தேங்காய் மட்டை நாரைக் கொளுத்தி, குளிர்ந்த புகையாக இரண்டொரு முறை வாசலில் ஊதினால் போதும். புகை கண்ட ஈ தேனை உண்டு வயிறு நிரப்பும்; ஒன்றுக்கொன்று அபாயம் அறிவிக்கும் வாசனையும் புகையில் மறையும். சட்டத்தில் முக்கால் பங்குக்கு மேல் மெழுகு மூடியிட்ட அடையையே எடுக்கலாம். மூடாத தேனில் நீர் மிகுதி, அது புளித்துப்போகும். கீழறையைத் தொடலாகாது. பிழியும் வேலையைக் கதவடைத்த அறையில் செய்க. இல்லையேல் அயற்கூட்டு ஈக்கள் கொள்ளைக்கு வரும். காலியான அடையை அன்றே திரும்ப வைத்துவிட வேண்டும்.

கொட்டினால் கொடுக்கை நகத்தால் உடனே வழித்தெறிய வேண்டும்; தாமதித்தால் நச்சுப்பை மேலும் நஞ்சைச் செலுத்தும். மூச்சுத் திணறலோ, உடலெங்கும் தடிப்போ, மயக்கமோ கண்டால் கைவைத்தியம் பாராது மருத்துவமனைக்கு விரைக. ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேன் தொட்டு வைத்தலும் ஆகாது. தேனில் இருக்கக்கூடிய ஒரு நுண்கிருமியின் வித்து பச்சிளங்குழந்தையின் குடலில் நஞ்சை உண்டாக்க வல்லது. 1976ஆம் ஆண்டு முதல் மருத்துவ உலகம் அந்நோயை அறிந்திருக்கிறது. சேனை வைக்கும் வழக்கமுள்ள வீடுகளில் மூத்த பெண்மணிகளுக்கு இதனை மரியாதையோடு எடுத்துச் சொல்வது இளையோர் கடமை.

இவை யாவும் எடுப்பவன் பாதுகாப்புக்கான விதிகள். ஈயின் பாதுகாப்புக்கு விதி ஒன்றே: மழைக்காலம் வருமுன் அதன் பங்கை விட்டுவிடு, போதாதெனில் பாகு வை. எழுநூறு ஆண்டுகட்கு முன் டமஸ்கஸ் நகரத்தில் இருந்து எழுதிய இமாமும், மார்த்தாண்டத்துப் பெரியவரும் சொன்னது ஒன்றையே.

இப்போது நம் கொல்லையில் நான்கு பெட்டிகள் உள. ஏப்ரல் கடந்தால் நாம் தேன் எடுப்பதில்லை. விலைக்குக் கேட்டு வருவோரிடம், “எங்கள் பங்கு தீர்ந்தது, இருப்பது அவற்றின் பங்கு” என்று சொல்லிவிடுகிறோம். சிலர் நகைப்பர், சிலர் சிந்திப்பர். பிறர் பங்கை உண்ணாத மனத்தை வல்ல இறைவன் நம் எல்லோருக்கும் தந்தருள்வானாக.